பேப்பரில் சுற்றிய ட்யூப்

போன வாரம் மாஸ்டரைக் குளியலறைக்குள் நிற்க வைத்துவிட்டு நான் பாட்டுக்கு நடையைக் கட்டிவிட்டேன் என்று பல வாசகிகளுக்கு என் மேல் கோபம். நியாயமான கோபம்தான். "ரிசல்ட் வந்துடுச்சு, நாளைக்கு வீட்டுக்காரரையும் கூட்டிட்டு வாங்க" என்று ஆஸ்பத்திரியிலிருந்து வந்த போனைக் கேட்டுவிட்டு, அழுகைச் சத்தம் வெளியே போகக் கூடாதென்று குழாயைத் திறந்துவிட்டு நின்றாளே, அங்கேதான் விட்டிருந்தோம்.

இந்த வாரம்தான் வந்து உட்கார்ந்திருக்கிறீர்களா? வாருங்கள், சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். மாஸ்டர் என்பது ஆண்பிள்ளை இல்லை. ஐம்பதைத் தாண்டிய ஓர் அம்மா. பெண்களுக்குக் கார் ஓட்டக் கற்றுக்கொடுப்பது அவள் தொழில். கற்றுக்கொள்ள வந்தவர்கள் மாஸ்டர் மாஸ்டர் என்று கூப்பிட்டு, கடைசியில் கட்டின புருஷனே அப்படிக் கூப்பிட ஆரம்பித்துவிட்டார். அவர் மருந்துக்கடைக்காரர். கீழே கடை, மேலே வீடு. ஒரே மகள். ஓட்டலில் வரவேற்பு மேஜையில் நின்று நாள் முழுக்கச் சிரிக்கிற வேலை. வளர்ந்து ஆளாகி வேலைக்குப் போன பிறகும் வீட்டில் அவள் குட்டிதான்.

மாஸ்டருக்குப் பல வருஷமாக 'அந்த இடத்தில்' அரிப்பு. கடையிலிருந்து ஒரு க்ரீமை வாங்கி வாங்கிப் பூசிக்கொண்டாள். ஒருநாள் துணியில் ரத்தக்கறையைப் பார்த்துப் பயந்துபோய், யாரிடமும் சொல்லாமல் தானே வண்டியை எடுத்துக்கொண்டு டாக்டரிடம் போனாள். டாக்டர் துளித் தோலைக் கிள்ளி எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பினார். அதற்கப்புறம்தான் புருஷனுக்கே விஷயம் தெரியும்.

'அந்த இடம்' என்றுதான் நானும் இத்தனை வாரமாக நாசூக்காக எழுதி ஓட்டிக்கொண்டிருக்கிறேன். இந்த வாரம் டாக்டர் அதற்கு விடப்போவதில்லை.

காலையில் இரண்டு பேரும் ஒரே நேரத்தில் செருப்பை மாட்டியதே குட்டிக்குச் சந்தேகத்தைக் கிளப்பிவிட்டது. ஈரத்தலையில் துண்டைச் சுற்றிக்கொண்டு, காபி டம்ளரோடு வாசலை மறித்து நின்றாள்.

"எங்க, ரெண்டு பேரும் ஜோடியா?"

"சரக்கு எடுக்க," என்றார் அப்பா.

"ஒரு கல்யாணம்," என்றாள் அம்மா.

இரண்டு பொய்யும் ஒன்றாக வந்து விழுந்தன. கடைக்காரர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். மாஸ்டர் சாவியைத் தேடுவதுபோல் கைப்பையைக் குடைந்தாள். சாவி கையில்தான் இருந்தது.

"சரக்கு எடுக்கிற கல்யாணமா? பேஷ்!" என்றாள் குட்டி. பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "அம்மா, உண்மையச் சொல்லு. வக்கீலத்தானே பார்க்கப் போறீங்க?"

"என்னடி உளர்ற?"

"நான் என்ன பச்சைக் குழந்தையா? அப்பா முன் ரூம்ல, நீ உள் ரூம்ல. இத்தனை வருஷமா ஒண்ணா ஒரு இடத்துக்குப் போகாதவங்க இப்ப கடையை மூடிட்டுக் கிளம்புறீங்க. நான் வந்தா பேச்சை நிறுத்துறீங்க. பிரியறதுன்னா பிரிஞ்சிடுங்க. என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லிட்டுப் பிரியுங்க. இந்த வீட்ல யாரும் யார்கிட்டயும் எதையும் கேக்கறதும் இல்ல, சொல்றதும் இல்ல."

"போடி லூசு! தலையத் துவட்டு முதல்ல, சளி பிடிச்சுக்கும்," என்று மாஸ்டர் அவளைத் தள்ளிக்கொண்டு படியிறங்கினாள். வேறு நாளாக இருந்தால் வயிறு வலிக்கச் சிரித்திருப்பாள். இன்றைக்குச் சிரிப்பு வரவில்லை. மகள் சொன்ன கடைசி வார்த்தை நெஞ்சில் தைத்துக்கொண்டே வந்தது.

பயிற்சி வண்டியில் ஓட்டுபவருக்குப் பக்கத்து இருக்கையின் காலடியிலும் ஒரு பிரேக் உண்டு. கற்றுக்கொள்பவர்கள் தப்புப் பண்ணினால் மாஸ்டர் மிதிப்பதற்காக வைத்தது. இன்றைக்கு அந்த இருக்கையில் கடைக்காரர். எதிரே ஒரு சைக்கிள் வந்தாலும் அவர் கால் தானாகப் போய் அதை அழுத்திவிடும். வண்டி குலுங்கி நிற்கும். பின்னால் வருகிறவர்கள் ஹாரனில் திட்டுவார்கள்.

"காலை எடுங்க!"

"தெரியாம பட்டுடுச்சு."

"நேத்து ஸ்டியரிங் பிடிச்ச பொண்ணுகூட இப்படிப் பயப்பட மாட்டா. காலை மடக்கி வெச்சுக்கிட்டு உக்காருங்க."

அவர் மடக்கிக்கொண்டார். அப்போதுதான் மாஸ்டர் உட்கார்ந்திருந்த இருக்கையில் நாலாக மடித்துப் போட்டிருந்த துண்டு கண்ணில் பட்டது. அது புதிதல்ல. எத்தனையோ வருஷமாக அங்கேதான் கிடக்கிறது. இடுப்பு வலிக்காக என்று அவராகவே நினைத்துக்கொண்டிருந்தார். இடுப்பு வலிக்கு ஒரு எண்ணெயைக்கூட எடுத்து வந்து கொடுத்திருக்கிறார். அவளும் மறுபேச்சுப் பேசாமல் வாங்கி வைத்துக்கொண்டாள்.

டாக்டரம்மாவுக்கு மாஸ்டரைவிட வயது குறைவு. பேச்சில் வளைவு நெளிவு கிடையாது. முதலில் திரைக்குப் பின்னால் கூட்டிப்போய், தோல் எடுத்த இடம் ஆறிவிட்டதா என்று பார்த்தார். மாஸ்டர் உடுத்திக்கொண்டிருக்க, வெளியே வந்து கை கழுவும் தொட்டியில் குழாயைத் திறந்தார்.

"அவங்க பூசிட்டிருந்த க்ரீம் யாரு குடுத்தது?"

"நான்தான் டாக்டர். கடை என்னோடது."

"எத்தனை வருஷமா?"

"ரொம்ப வருஷமாச்சு. அவ வந்து கேப்பா, நான் எடுத்துக் குடுப்பேன். சில சமயம் பொண்ணு வந்து வாங்கிட்டுப் போவா."

"எதுக்குன்னு கேக்கலையா?"

குழாய்ச் சத்தத்தில் இது எதுவும் திரைக்குப் பின்னால் இருந்தவள் காதில் விழவில்லை. நீங்கள் மட்டும் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

மாஸ்டர் வந்து உட்கார்ந்ததும் டாக்டர் நேரே விஷயத்துக்கு வந்தார்.

"இது கேன்சர் இல்ல. முதல்ல அதை நல்லாக் கேட்டுக்குங்க."

மாஸ்டர் மூச்சை விட்டாள். எத்தனை நாளாக அடக்கி வைத்திருந்த மூச்சோ, அது ஒரு விம்மலாக வந்தது.

"ஆனா சாதாரணத் தோலும் இல்ல. உங்களுக்கு ரெண்டு விஷயம் இருக்கு. ஒண்ணு, ரொம்ப காலமா இருக்கிற தோல் நோய். பெண்ணுறுப்போட வெளிப்பக்கத் தோல் வெளுத்து, மெலிஞ்சு, காகிதம் மாதிரி ஆயிடும். அரிக்கும், வெடிக்கும், எரியும். யார்கிட்டயும் தொத்தாது, சுத்தமில்லாததால வர்றதும் இல்ல. இது பூஞ்சை இல்ல. நீங்க பூஞ்சைக்குப் போடுற க்ரீமையே பூசிட்டு வந்திருக்கீங்க."

பெண்ணுறுப்பு என்ற சொல் காதில் விழுந்த கணமே கடைக்காரர் சுவரில் தொங்கிய காலண்டரைக் கவனமாகப் படிக்க ஆரம்பித்துவிட்டார்.

"சார், நீங்க மருந்துக்கடை வெச்சிருக்கிறவர். காலண்டரை அப்புறம் பார்க்கலாம்."

அவர் திரும்பினார். காது மடல் சிவந்திருந்தது. டாக்டர் ஒரு தாளில் படம் போட்டுக் காட்டினார்.

"ரெண்டாவது விஷயம் இது. இந்த ஓரத்துல ஒரு திட்டு தடிச்சிருக்கு பாருங்க. அங்க செல்லெல்லாம் மாற ஆரம்பிச்சிருக்கு. கேன்சருக்கு முந்தின நிலைன்னு சொல்லுவோம். இப்படி வர்ற எல்லாருக்கும் அது கேன்சர்ல போய் முடியும்னு இல்ல. ஆனா இதுல ரெண்டு வகை உண்டு. உங்களுக்கு வந்திருக்கிறது, விட்டா சீக்கிரம் மாறக்கூடிய வகை. அதனால காத்திருக்கக் கூடாது."

"க்ரீம் போட்டே சரி பண்ண முடியாதா டாக்டர்?"

"இன்னொரு வகைக்குச் சில பேருக்கு க்ரீம் குடுப்போம், லேசர் பண்ணுவோம். உங்களோடதுக்கு அந்தத் திட்டைச் சுத்தி கொஞ்சம் நல்ல தோலோட சேர்த்து வெட்டி எடுத்துடறதுதான் சரி. வர்ற திங்கட்கிழமையே வெச்சுக்கலாம். எடுத்ததை மறுபடி பரிசோதனைக்கு அனுப்புவோம். உள்ள வேற எதுவும் ஒளிஞ்சிட்டு இருக்கான்னு அப்பதான் முழுசாத் தெரியும்."

"அப்ப, இல்லைன்னு இன்னும் முடிவாச் சொல்ல முடியாது."

"எடுத்த துண்டுல இல்ல. மீதியை எடுத்துப் பார்த்துட்டுத்தான் சொல்லுவேன். நான் பொய் சொல்ல மாட்டேன்."

மாஸ்டர் தலையாட்டினாள். அவளுக்கும் பொய் வேண்டியிருக்கவில்லை. பொய் சொல்லிச் சொல்லி அலுத்துப்போயிருந்தாள்.

"வண்டி எப்ப ஓட்டலாம்?"

"சில வாரம் உக்கார்றதே சிரமமா இருக்கும். தையல் ஆறணும். அப்புறம் மீதித் தோலுக்கு வீரியமான களிம்பு ஒண்ணு தருவேன், நிறுத்தாம போடணும். சில மாசத்துக்கு ஒருதரம் வந்து காட்டணும், அது வருஷக்கணக்கா. வாசனை சோப்பு கூடாது. மாசம் ஒருதரம் ஒரு சின்னக் கண்ணாடியை வெச்சுக்கிட்டு நீங்களே பார்த்துக்கணும். புதுசா தடிப்பு, புண் ஏதாவது தெரிஞ்சா உடனே வரணும். இதுவரைக்கும் பார்த்திருக்கீங்களா?"

மாஸ்டருக்கு அப்போதுதான் சிரிப்பு வந்தது, சம்பந்தமே இல்லாத நேரத்தில்.

"நாள் முழுக்கக் கண்ணாடியப் பாரு, கண்ணாடியப் பாருன்னு ஊர்ப் பொண்ணுங்களைத் திட்டிட்டுத் திரியறவ டாக்டர் நான். ஒரு நாளும் பார்த்ததில்ல."

டாக்டரும் சிரித்துவிட்டார். பிறகு பேனாவை மூடி வைத்தார்.

"வீட்ல வேற யாருக்காவது இப்படி இருக்கா? அம்மா, கூடப் பிறந்தவங்க, பொண்ணு? சில குடும்பத்துல ஒருத்தருக்கு மேல வரும்."

"இல்ல டாக்டர். எனக்கு மட்டும்தான்," என்றாள் மாஸ்டர், யோசிக்காமலே.

"இன்னும் ஒண்ணு கேக்கணும். அவர் வெளிய இருக்கட்டுமா?"

கடைக்காரர் பாதி எழுந்துவிட்டார். வெளியே போகச் சொன்னால் போதும் என்றிருந்தது அவருக்கு. மாஸ்டர் அவர் சட்டைக் கையைப் பிடித்து உட்கார வைத்தாள்.

"இருக்கட்டும். அவரும் கேக்கட்டும்."

"நீங்க ரெண்டு பேரும் சேர்ந்து இருக்கும்போது வலி இருந்துச்சா?"

"இருந்துச்சு."

"எப்படி?"

"கிழியற மாதிரி. அப்புறம் ரெண்டு நாளைக்குத் தண்ணி பட்டாலும் எரியும்."

"எப்பலருந்து?"

"பொண்ணு காலேஜ்ல சேர்ந்த வருஷத்துலருந்து."

கடைக்காரருக்கு அந்த வருஷம் மறக்கவே மறக்காது. அந்த வருஷம்தான் அவள் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொள்ள ஆரம்பித்தாள். கையை வைத்தால் உடம்பு விறைத்துப்போகும். என்னவென்று அவர் கேட்கவில்லை. கேட்டு, 'உங்களைப் பிடிக்கல' என்று பதில் வந்துவிட்டால் அதற்கப்புறம் எங்கே முகத்தை வைத்துக்கொள்வது? தன் குறட்டை அவள் தூக்கத்தைக் கெடுக்கிறது என்று தானாகவே ஒரு காரணத்தைக் கண்டுபிடித்து, தலையணையைத் தூக்கிக்கொண்டு முன் அறைக்குப் போனார். பெருந்தன்மையாக நடந்துகொண்டதாக நினைப்பு வேறு.

"டாக்டர்," என்றார். "என் க்ரீமாலதான் இப்படி ஆச்சா?"

"க்ரீம் இதை உண்டாக்கல. அதுல கலந்திருக்கிற மருந்து அரிப்பைக் கொஞ்சம் அடக்கி வெச்சது, அவ்வளவுதான். அடங்கினதால அவங்க இங்க வரல."

"முன்னாடியே வந்திருந்தா?"

"களிம்போட போயிருக்கலாம். வெட்டவே வேண்டியிருந்திருக்காது. நிச்சயமாச் சொல்ல முடியாது. ஆனா போயிருக்கலாம்."

ஆறுதலாக இன்னொரு வார்த்தை வருமென்று அவர் காத்திருந்தார். வரவில்லை. டாக்டர் அடுத்த நோயாளிக்கு மணியடித்தார்.

வண்டிக்கு வந்து ஏறி உட்கார்ந்த பிறகும் மாஸ்டர் சாவியைத் திருகவில்லை. முன்கண்ணாடியில் வெயில் அடித்தது. காவலாளி ஒருவர் 'எடுக்கறீங்களா?' என்று கையை ஆட்டிக் கேட்டார். இவள் 'இல்லை' என்று கையை ஆட்டினாள்.

"வலிக்குதுன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே," என்றார் கடைக்காரர்.

"ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே."

"நான் நெனச்சேன், என்னைப் பிடிக்காம போச்சுன்னு."

"நான் நெனச்சேன், இவ கிழவியாயிட்டான்னு நீங்க ஒதுங்கிட்டீங்கன்னு."

"அதான் குறட்டைன்னு சொன்னேனே."

மாஸ்டர் அவர் பக்கம் திரும்பினாள். "உங்களுக்குக் குறட்டையே கிடையாதுங்க. முன் ரூம் கதவுல காதை வெச்சுக் கேட்டிருக்கேன். ஒரு நாள் இல்ல, எத்தனையோ நாள். சத்தமே வராது. நீங்களும் தூங்காமத்தான் கிடந்தீங்கன்னு எனக்குத் தெரியும்."

அவர் அழுதார். மருந்துக்கடைக்காரர் அழுது அவள் பார்த்ததே இல்லை. மூக்குக் கண்ணாடியைக் கழற்றிச் சட்டையில் துடைத்தார், மாட்டினார், மறுபடி கழற்றினார்.

"ஏன் வந்து கூப்பிடல?" என்றார்.

"கூப்பிட்டா வந்திருப்பீங்க. வந்தா வலிக்கும். வலிக்குதுன்னு சொன்னா எங்கன்னு கேப்பீங்க. அதை எந்த வாயால சொல்றது? அதுக்கு நம்ம வீட்ல ஒரு பேருகூடக் கிடையாதே. 'அங்க', 'கீழ', 'அந்த இடம்'. அந்த டாக்டரம்மா எவ்வளவு சாதாரணமாச் சொல்லிட்டுப் போறா பாருங்க, மூக்கு, காதுன்னு சொல்ற மாதிரி. நான் உங்களை மட்டும் குத்தம் சொல்லல. நானும்தான் வாயை மூடிக்கிட்டு இருந்தேன்."

அவள் சாவியைத் திருகிக் கியரைப் போட்டாள். வண்டி நகரவில்லை. குனிந்து பார்த்தாள்.

"காலை எடுங்க," என்றாள், இந்தத் தடவை மெதுவாக. பிரேக்கை அவர் அழுத்திப் பிடித்துக்கொண்டிருந்தார்.

கடை ஷட்டரைப் பாதி மட்டும் தூக்கி இருவரும் குனிந்து உள்ளே நுழைந்தார்கள். மேலே குட்டி சாயங்கால வேலைக்குக் கிளம்பிக்கொண்டிருக்கும் சத்தம் கேட்டது. அவளை இந்த முகத்தோடு பார்க்க இருவருக்கும் தெம்பில்லை.

கடைக்காரர் கல்லாவுக்குக் கீழே இருந்த டிராயரை இழுத்தார். கத்தரித்து அடுக்கிய பழைய செய்தித்தாள் துண்டுகள் ஒரு பக்கம். இன்னொரு பக்கம் மஞ்சள் பட்டை போட்ட அந்த ட்யூப்கள்.

இந்த டிராயரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். கடையை ஆரம்பித்தவர் அவருடைய அப்பா. பெண்கள் கூச்சத்தோடு எதையாவது கேட்டால் தலையை நிமிர்த்தக் கூடாது, எதுக்கு என்று கேட்கக் கூடாது, பேப்பரில் சுற்றிச் சட்டென்று கொடுத்துவிட வேண்டும். இது அந்தக் கடையின் சட்டம். அந்த மரியாதைக்காகவே தெரு தாண்டி வருகிற பெண்கள் உண்டு. கடைக்காரருக்கு அதில் பெருமை தாங்காது. முதன்முதலாக மாஸ்டர் அந்த க்ரீமைக் கேட்டபோது கடையில் நாலு பேர் நின்றிருந்தார்கள். கைப்பழக்கத்தில் அவளுக்கும் பேப்பரில் சுற்றிக் கொடுத்தார். அன்றையிலிருந்து, கட்டின பெண்டாட்டிக்கும் கடைச் சட்டம்தான். மரியாதை, மரியாதை என்று அவர் சுற்றிக் கொடுத்ததெல்லாம் என்னவென்று இப்போது தெரிகிறது, பாவம்!

ட்யூப்களை அள்ளிக் குப்பைக் கூடையில் போடப்போனவரை மாஸ்டர் தடுத்தாள்.

"இங்க இல்லன்னா அடுத்த கடையில வாங்குவாங்க. வெச்சுக்குங்க. கேட்டுட்டுக் குடுங்க."

"எப்படிக் கேக்கறது?"

"வாயாலதான்."

"விளையாடாத மாஸ்டர். யாரோ ஒரு வீட்டுப் பொம்பளைகிட்ட நான் எப்படி..."

"சரி, நான்தான் அந்தப் பொம்பளை," என்று மாஸ்டர் கவுன்ட்டருக்கு வெளியே போய் நின்றாள். கற்றுக்கொடுக்கிற புத்தி விடுமா? "அந்த க்ரீம் ஒண்ணு குடுங்க."

கடைக்காரர் டிராயரைப் பார்த்தார். கை தானாகப் பேப்பரை எடுத்தது.

"பேப்பரைக் கீழ வைங்க. என் முகத்தைப் பாருங்க."

அவர் பார்த்தார். கண்களுக்குக் கீழே கறுத்து, முன்நெற்றியில் நரைத்து, உதட்டோரத்தில் குறும்போடு நிற்கிற தன் மனைவியின் முகம். இந்தக் கவுன்ட்டரில் அதை அவர் ஒருதரமாவது பார்த்திருக்கிறாரா?

"எத்... எத்தனை நாளாம்மா இருக்கு?" என்றார்.

"ம். அப்புறம்?"

"ரெண்டு வாரத்துல சரியாகலன்னா டாக்டரைப் பாருங்க. இதையே பூசிட்டு இருக்காதீங்க."

"பாஸ்," என்றாள் மாஸ்டர். சொன்ன பிறகு அவள் கண்களும் நிறைந்துவிட்டன. "இதுக்கு இவ்வளவு வருஷமா?"

அவர் கவுன்ட்டர்மேல் இரண்டு கையையும் ஊன்றிக்கொண்டு நின்றார்.

"உன்கிட்டத்தான் கூச்சம். குட்டிகிட்டயாவது கேட்டிருக்கலாம். நீ அவளை அனுப்பும்போதாவது, அம்மாவுக்கு இன்னும் சரியாகலையாடின்னு கேட்டிருக்கலாம். அவளுக்கும் பேப்பர்ல சுத்தித்தான் குடுத்தேன், மடையன்."

மாஸ்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்த கை அப்படியே நின்றது.

"யாரை அனுப்பினேன்?"

"குட்டியத்தான். க்ரீம் வாங்க. போன மாசம்கூட வந்தாளே."

"நான் அவளை எதுக்குங்க அனுப்பறேன்? அவளுக்குத் தெரியக் கூடாதுன்னுதானே இத்தனை பாடு. ஒரு தடவைகூட நான் அனுப்பினதில்ல."

மேலே குட்டி எதையோ முணுமுணுத்துப் பாடிக்கொண்டு அலமாரியைத் திறந்து மூடினாள். 'சில குடும்பத்துல ஒருத்தருக்கு மேல வரும்' என்று டாக்டர் சொன்னது இருவருக்கும் ஒன்றாகத்தான் ஞாபகம் வந்திருக்க வேண்டும். 'எனக்கு மட்டும்தான்' என்று தான் அடித்துச் சொன்னது மாஸ்டருக்குக் கூடுதலாக ஞாபகம் வந்தது.

"ஒண்ணுமில்லாமலும் இருக்கலாம்," என்றாள். யாருக்குச் சொன்னாளோ. "சின்ன வயசு. சாதாரண அரிப்பா இருக்கும். வேர்க்குருவாக்கூட இருக்கும்."

"இருக்கலாம்," என்றார் கடைக்காரர். "ஆனா அப்படி நெனச்சுக்கிட்டுச் சும்மா இருந்துதான் இங்க வந்து நிக்கறோம்."

"நான் போய்க் கேக்கறேன். பொம்பளைப் பிள்ளை, நீங்க போனா..."

"குடுத்தது நான். கேக்கறதும் நானே கேக்கறேன். நீ கூட வா."

டிராயரிலிருந்து ஒரு ட்யூபை எடுத்துக்கொண்டார். பேப்பரில் சுற்றவில்லை. வெறுமனே கையில் பிடித்துக்கொண்டு படியேறினார். மாஸ்டர் கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு பின்னால் ஏறினாள்.

குட்டி சீருடையில், பெயர்ப்பட்டையைக் குத்திக்கொண்டே கதவைத் திறந்தாள். அப்பா முன்னால், அம்மா பின்னால். இருவர் கண்களும் சிவந்திருந்தன. அவள் முகம் வெளிறிப்போனது.

"சரி, சொல்லுங்க. எப்ப பிரியறீங்க?"

"நாங்க பிரியலம்மா," என்றார் அப்பா. "அம்மாவுக்கு உடம்பு சரியில்ல. அதை உக்காந்து முழுசாச் சொல்றோம். அதுக்கு முன்னாடி உன்னை ஒண்ணு கேக்கணும்."

கையை நீட்டி ட்யூபைக் காட்டினார். கண்ணை மகள் முகத்திலிருந்து எடுக்கவில்லை.

"எத்தனை நாளா, குட்டி?"

குட்டி ட்யூபைப் பார்த்தாள். அம்மாவைப் பார்த்தாள். நாள் முழுக்க யார் யாருக்கோ சிரிக்கிற அந்த வாய் கோணிக்கொண்டு போனது.

"போன தடவை வாங்கினப்ப நீங்க கேப்பீங்கன்னுதான்ப்பா நின்னேன். காசு குடுத்துட்டும் போகாம கவுன்ட்டர்லயே நின்னேன்," என்றாள். "நீங்க பேப்பர்ல சுத்திக் குடுத்துட்டு, தலையக்கூட நிமிர்த்தல."